திறந்து கிடந்த பதினோரு வழிகள்

ஷார்ஜாவிலிருந்து முபாரக் அழைத்தபோது எழில்மொழி ஏணியில் நின்றுகொண்டிருந்தாள். திருப்பனந்தாளில் ஒரு மருந்துக்கடை வாசலில் கேமராவை மாட்டி, அதன் முகம் படிக்கட்டைப் பார்க்கும்படி திருப்பிக்கொண்டிருந்தாள். சுடிதாருக்கு மேல் போட்டிருந்த ஆண்கள் சட்டையின் பையில் போன் விடாமல் அதிர்ந்தது.

"எழில், வேலையா இருக்கீங்களா?"

"ஏணியில நிக்கிறேன். சொல்லுங்கண்ணே."

"இறங்குங்க. இறங்கிட்டு நான் அனுப்பியிருக்கிற போட்டோவைப் பாருங்க."

அவர் குரலில் இருந்த நிதானம்தான் அவளைப் பயமுறுத்தியது. இறங்கி வாட்ஸாப்பைத் திறந்தாள். ஏதோ ஒரு இணையதளத்தின் பக்கம். கட்டம் கட்டமாகச் சின்னப் படங்கள். எங்கோ ஒரு கார் நிறுத்துமிடம், ஒரு கடையின் கல்லா, ஒரு மாட்டுக்கொட்டகை. மூன்றாவது வரிசையில் ஒரு வீட்டு முற்றம். நீல டிரம், மாதுளைச் செடி, கொடியில் காயும் வெள்ளைத் துப்பட்டி. திருவிடைமருதூரில் இருக்கும் முபாரக்கின் அம்மா ஜன்னத் பீவியின் வீடு அது. அந்தக் கேமராவை ஐந்து வருடம் முன்பு மாட்டியவள் எழில்மொழி.

"என் ரூம்ல இருக்கிற ஒருத்தன் சும்மா விளையாட்டா இதைத் திறந்து காட்டுனான். இந்தியாவுல யார் வீடோ தெரியுது பாருன்னான். பாத்தா எங்க வீடு."

எழில்மொழி படத்தைப் பெரிதாக்கிப் பார்த்தாள். "அண்ணே, அம்மாகிட்ட சொல்லி அந்த இன்டர்நெட் பெட்டியோட சுவிட்சை இப்பவே அணைக்கச் சொல்லுங்க."

"ஏன்னு கேட்டா?"

"கரண்ட் கோளாறுன்னு..." என்று ஆரம்பித்தவள் நிறுத்திக்கொண்டாள். "இல்லண்ணே. ஒண்ணும் சொல்லாதீங்க. நானே நேர்ல போயி சொல்லிக்கிறேன்."

மருந்துக்கடைக்காரரிடம் மீதி வேலையை நாளை முடித்துத் தருவதாகச் சொல்லிவிட்டு, மடக்கு ஏணியை ஸ்கூட்டரின் பக்கவாட்டில் கட்டிக்கொண்டு கிளம்பினாள். சம்பா நடவு நேரம். சாலையோரம் நாற்றுக்கட்டுகள் அடுக்கிக் கிடந்தன. வழியெல்லாம் அவள் மனதில் ஓடியது ஒரே கணக்கு: அந்த ஒரு வீடு மட்டுமா?

எழில்மொழிக்கு அப்போது முப்பத்து மூன்று வயது. திருப்பனந்தாளுக்கு அருகே ஒரு சின்ன ஊரில் பிறந்தவள். அம்மா ராமாயி நடவுக்கும் களையெடுப்புக்கும் போனவர். அப்பா செங்கல் சூளையில் வேலை செய்தவர்; அவள் பத்தாவது படிக்கும்போது இறந்துபோனார். அரசு பாலிடெக்னிக்கில் எலெக்ட்ரானிக்ஸ் படித்து முடித்து, கும்பகோணத்தில் கேமரா விற்கும் ஒரு கடையில் சேர்ந்தாள். பில் போடத்தான் அவளை வைத்தார்கள். ஒருநாள் மாட்டுகிற ஆள் வரவில்லை. வாடிக்கையாளர் கடையில் வந்து கத்திக்கொண்டிருந்தார். "நான் போறேன் சார்" என்று சொல்லி அவரோடு கிளம்பிப் போனவள், அதற்குப் பிறகு பில் மேசைக்குத் திரும்பவே இல்லை. மூன்று வருடத்தில் கடையை விட்டுத் தனியாகவே செய்ய ஆரம்பித்துவிட்டாள். பெண்கள் மட்டும் இருக்கும் வீடுகளில் அவளைத்தான் கூப்பிட்டார்கள்.

அந்தப் பக்கத்தில் அப்படிப்பட்ட வீடுகள் நிறைய. பிள்ளைகள் துபாயிலோ சிங்கப்பூரிலோ இருப்பார்கள். இங்கே வயதான ஒருவர் தனியாக இருப்பார். கேமரா மாட்டச் சொல்கிறவர்கள் எல்லோரும் கேட்பது ஒன்றே: "நான் இங்கேருந்து பாக்கணும்."

அதற்கு அவளுடைய பழைய கடையில் ஒரு குறுக்குவழி சொல்லிக்கொடுத்திருந்தார்கள். வீட்டின் ரவுட்டருக்குள், அதாவது இன்டர்நெட் பெட்டியின் அமைப்புக்குள் போய், போர்ட் என்கிற ஒரு வழியைத் திறந்துவிட வேண்டும். வெளியூர்ப் போன் அந்த வழியாக நேரே கேமராவுக்கு வந்து படத்தைக் கேட்கும். பத்து நிமிட வேலை. கேமராவோடு கம்பெனியே கொடுக்கும் பாஸ்வேர்டை யாரும் மாற்றுவதில்லை. மாற்றினால் வாடிக்கையாளர் மறந்துவிட்டுத் திரும்பத் திரும்பக் கூப்பிடுவார்.

அது எவ்வளவு பெரிய தவறு என்று எழில்மொழிக்குத் தெரியவந்தது 2020-இல், வீட்டில் உட்கார்ந்து போனில் பார்த்த ஒரு பயிற்சி வகுப்பில். இணையத்தில் இருக்கும் முகவரி எண்களை எல்லாம் ஒவ்வொன்றாகத் தட்டிப் பார்க்கிற இயந்திரங்கள் ஓயாமல் ஓடிக்கொண்டிருக்கின்றன என்றார் வகுப்பு எடுத்தவர். திறந்த போர்ட்டும் மாற்றாத பாஸ்வேர்டும் இருந்தால் சில நாட்களிலேயே அகப்பட்டுவிடும் என்றார். அன்றே அவள் பழைய வீடுகளுக்கெல்லாம் போய்ச் சரிசெய்ய வேண்டும் என்று நினைத்தாள். ஊரடங்கு. அது முடிந்ததும் புது வேலைகள் வந்து குவிந்தன. புது வேலைகளை எல்லாம் சரியான முறையில் செய்தாள். பழையதைப் பற்றி யாரும் புகார் சொல்லவில்லை. புகார் இல்லாததையே நல்ல சேதியாக எடுத்துக்கொண்டு மூன்று வருடம் ஓட்டிவிட்டாள்.

ஜன்னத் பீவி கதவைத் திறக்கும்போதே கேட்டார். "என்ன புள்ள, ரிப்பேரா? அவன் சுவிட்சை அணைங்கறான். ஏன்டான்னா எழில் வந்து சொல்லும்ங்கறான்."

அறுபத்தாறு வயது. கணவர் இறந்த பிறகு தனியாகத்தான் இருந்தார். தையல் இயந்திரத்தில் பாதி தைத்த குர்தா ஒன்று கிடந்தது.

எழில்மொழி உட்காரவில்லை. "அம்மா, உங்க முற்றத்தை வேற ஆளுங்க பாத்திருக்காங்க. தப்பு என்னோடது."

"வேற ஆளுங்கன்னா? திருடனுங்களா?"

"யாருன்னு தெரியாதும்மா. எந்த ஊரு, எத்தனை பேரு, எதுவும் தெரியாது."

ஜன்னத் பீவி முற்றத்து மூலையில் இருந்த கேமராவை நிமிர்ந்து பார்த்தார். அதன் இணைப்பு அணைந்துதான் இருந்தது. இருந்தாலும் அவர் துப்பட்டியை இழுத்துத் தலையில் போட்டுக்கொண்டார்.

"எனக்குப் புரியுற மாதிரி சொல்லு. இங்க இருக்கிறது எப்படி அங்க போவுது?"

"கேமரா பாக்குறதை எல்லாம் எண்ணா மாத்திடும்மா. அந்த எண்ணெல்லாம் சின்னச் சின்னப் பொட்டலமா இந்த வயர் வழியா இன்டர்நெட் பெட்டிக்குப் போவும். அங்கேருந்து வெளிய. உங்க மகன் போன் அந்தப் பொட்டலத்தை எல்லாம் வரிசையா அடுக்கி மறுபடியும் படமாக்கிக் காட்டும்."

"அப்ப அவன் பாக்குறது என்னை இல்ல."

"ஒரு ரெண்டு செகண்டுக்கு முன்னாடி இருந்த உங்களை."

"சரி. மத்தவங்க எப்படி வந்தாங்க?"

"மகன் போன் உள்ள வரணும்னு நான் பெட்டியில ஒரு வழி திறந்து வெச்சேன். அதுல யார் வேணா வந்து தட்டலாம். தட்டுனா கேமரா பாஸ்வேர்டு கேக்கும். அந்தப் பாஸ்வேர்டு கம்பெனிக்காரங்க போட்டுக் குடுத்தது, எல்லாருக்கும் தெரிஞ்சது. நான் அதை மாத்தாம விட்டுட்டேன்."

"மாட்டும்போதே உனக்குத் தெரியுமா?"

இந்தக் கேள்விக்கு இல்லை என்று சொல்லிவிட்டு நிறுத்தியிருக்கலாம். அது பொய்யும் ஆகாது. "மாட்டும்போது தெரியாதும்மா. ஆனா மூணு வருஷமாத் தெரியும்" என்றாள் எழில்மொழி.

ஜன்னத் பீவி முற்றத்துப் படியில் உட்கார்ந்தார். பிறகு, யாரிடமோ முறையிடுவதுபோல மெதுவாகச் சொன்னார்: "வெள்ளிக்கிழமையானா தலை குளிச்சிட்டு இங்கதான் உக்காந்து முடி காய வைப்பேன். ஆம்பளை யாரும் வராத இடம்னு. மகன் பாப்பான்னு தெரியும். அவன் நான் பெத்த புள்ள." கொஞ்சம் நிறுத்தி, "கழட்டிடு" என்றார்.

கழற்றினாள். சுவரில் இருந்த ஓட்டைகளை வெள்ளை சிமெண்ட் வைத்து அடைத்தாள். போர்ட்டை மூடினாள். அந்த வீட்டுக்கு எப்போது போனாலும் இஞ்சி தட்டிப் போட்ட டீ வரும். அன்றைக்கு வரவில்லை.

மத்தியானம் வீட்டுக்கு வந்து பழைய டைரிகளை எடுத்துப் போட்டுக்கொண்டு உட்கார்ந்தாள். அந்த நாட்களில் வேலை செய்த நாற்பத்து மூன்று இடங்களின் முகவரிகளும் அதில் இருந்தன. வீட்டு முகவரி மட்டுமல்ல, இணைய முகவரியும். ஒவ்வொன்றையும் தன் போனில் தட்டிப் பார்த்தாள். பெரும்பாலான இடங்களில் பதில் வரவில்லை. இணைப்பை மாற்றியிருப்பார்கள், பெட்டி பழுதாகியிருக்கும். பத்து இடங்களில் கேமராவின் நுழைவுப் பக்கம் உடனே வந்து நின்றது, உள்ளே வா என்பதுபோல. ஜன்னத் பீவி வீட்டையும் சேர்த்தால் பதினொன்று.

ராமாயி சாப்பாட்டுத் தட்டை வைத்துவிட்டு எதிரே உட்கார்ந்தார். மகள் சொன்னதை எல்லாம் கேட்டுக்கொண்டார்.

"இப்ப என்ன பண்ணப் போற?"

"ஒவ்வொரு வீடா போயி சொல்லிட்டு, சரி பண்ணிக் குடுக்கப் போறேன்."

"சரி பண்ணு. சொல்லாத."

"அதெப்படிம்மா?"

"சர்வீஸுக்கு வந்தேன்னு சொல்லிட்டு மாத்திட்டு வா. உன்னை வீட்டுக்குள்ள விட்டு ஏணி போட விடுறாங்கல்ல, அது லேசுல வந்ததில்ல. நம்ம வாயால நம்மளே தப்பு பண்ணேன்னு சொன்னா, அந்த ஒண்ணைத்தான் ஞாபகம் வெச்சிருப்பாங்க. நீ முந்தி பண்ணுன நல்ல வேலை எதுவும் ஞாபகம் இருக்காது."

எழில்மொழி மறுக்கவில்லை. அம்மா சொல்வது பொய்யில்லை என்று அவளுக்கும் தெரியும். சில வீடுகளில் அவள் கூடத்துக்குள் வந்து ஏணி போடுவதே அந்தத் தெருவில் ஒரு புது விஷயமாக இருந்தது.

"நீங்கல்லாம் நடவு நடும்போது வரப்புல மேஸ்திரி நிப்பாருல்ல?" என்று கேட்டாள்.

"நிப்பாரு. நிமிர்ந்தாப் போதும், சத்தம் போடுவாரு."

"அவரு நிக்கிறாருன்னு உங்களுக்குத் தெரியும். தெரிஞ்சதால சேலையை இழுத்துச் செருகிக்கிட்டுக் குனிஞ்சிருப்பீங்க. இவங்களுக்கு அதுகூடத் தெரியாதும்மா."

ராமாயி தட்டில் குழம்பு ஊற்றிவிட்டு, "சாப்ட்டுட்டுப் போ" என்று மட்டும் சொன்னார்.

மீதி வீடுகளுக்குப் போய்வர ஒன்பது நாள் ஆனது. ஒரு மாட்டுக்கொட்டகைக்காரர் சிரித்தார்: "எங்க மாட்டைப் பாத்துட்டுப் போறான், விடு புள்ள." ஓய்வுபெற்ற ஒரு பத்திரப்பதிவு எழுத்தர் எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, புதுப் பாஸ்வேர்டைத் தானே ஒரு தாளில் எழுதி மடித்துக் கண்ணாடிக் கூட்டுக்குள் வைத்துக்கொண்டார். ஒரு வீட்டில் மருமகள் அழுதாள். சமையலறை வாசலில் கேமரா இருப்பதே அவளுக்குப் பிடிக்காமல் இருந்திருக்கிறது. இதைக் காரணமாகச் சொல்லி அன்றே அதைத் தெருப்பக்கம் மாற்ற வைத்தாள். எல்லா இடத்திலும் எழில்மொழி ஒரே வேலையைத்தான் செய்தாள். திறந்த வழியை அடைத்தாள். கேமராவே வெளியே கம்பெனியின் ஒரு சர்வர் கணினியோடு இணைந்து காத்திருக்கும்படியும், போனும் அங்கே வந்து அதைச் சந்திக்கும்படியும் மாற்றினாள். இனி வெளியிலிருந்து யாரும் நேரே வீட்டுக்குள் வந்து தட்ட முடியாது.

துரைராசுவின் அரிசி ஆலைக்கு ஆறாவது நாள் போனாள். ஆலையின் களத்தில் நான்கு கேமராக்கள், அலுவலகத்தில் ஒன்று. துரைராசு அவளை நல்ல வேலை தெரிந்தவள் என்று பத்துப் பேரிடம் சொன்னவர். புதிதாகக் கட்டிக்கொண்டிருந்த கல்யாண மண்டபத்துக்கும் அவளையே செய்யச் சொல்லியிருந்தார். முப்பத்திரண்டு கேமரா. அவள் அதுவரை எடுத்ததிலேயே பெரிய வேலை.

கேட்டு முடித்ததும் அவர் நாற்காலியில் சாய்ந்துகொண்டார். "ஏம்மா, நீ சொல்லலன்னா எனக்கு இது தெரிஞ்சிருக்காதுல்ல?"

"தெரிஞ்சிருக்காதுண்ணே."

"அப்புறம் ஏன் சொன்ன?"

"உங்க களத்துல பொம்பளைங்க நெல்லு காய வைக்கிறாங்க. அவங்களும் அதுல தெரிஞ்சிருக்காங்க."

"அவங்க என்ன சினிமாவா எடுக்குறாங்க? என் ஆபீஸ் மேசை தெரிஞ்சிருக்கே, அதைச் சொல்லு. யாரு வந்தா, யாருகிட்ட பேசுனேன், எல்லாம் ஊருலகத்துக்கே காட்டியிருக்க."

ஜன்னல் பக்கம் நெல்லைக் கிளறிக்கொண்டிருந்த இரண்டு பெண்கள் காதில் இது விழுந்தது. ஒருத்தி, "நம்மள யாரு பாக்கப் போறா" என்றாள். மற்றவள் மாராப்பைச் சரிசெய்துகொண்டு, மூன்று வருடமாக அதன் கீழேயே வேலை செய்தும் அன்றுதான் முதல்முறையாகக் கம்பத்தின் உச்சியில் இருந்த கேமராவை நிமிர்ந்து பார்த்தாள்.

மண்டப வேலை வேறு ஆளுக்குப் போனது. துரைராசு காரணத்தையும் சேர்த்தே எல்லோரிடமும் சொன்னார். அடுத்த சில மாதங்கள் எழில்மொழிக்குச் சின்னச் சின்ன வேலைகள்தான் கிடைத்தன. வயர் மாற்றுவது, எலி கடித்த இணைப்பை ஒட்டுவது, மழையில் மங்கிப்போன கேமராக் கண்ணாடியைத் துடைப்பது. ராமாயி அவளிடம் "நான் சொன்னேன்ல" என்று ஒருநாளும் சொல்லவில்லை. சொல்லாமல் இருப்பது மகளுக்குக் கேட்டது.

பதினோராவது வீடு பூட்டிக் கிடந்தது. திருவிடைமருதூரிலேயே, கோயிலுக்குத் தள்ளி ஒரு தெருவில். சொந்தக்காரர் ராஜராஜன் கனடாவில் இருந்தார். பெற்றோர் இறந்த பிறகு வீட்டைப் பூட்டிப் போட்டிருந்தார். மின்சாரமும் இணையமும் மட்டும் தானாக ஓடிக்கொண்டிருந்தன. அந்தக் கேமராவின் பழைய பாஸ்வேர்டு எழில்மொழிக்குத் தெரியும். வீட்டில் உட்கார்ந்தபடியே உள்ளே போய் மாற்றிவிட முடியும். இரண்டு முறை விரல் அதுவரை போயிற்று. சொந்தக்காரர் சொல்லாமல் உள்ளே போனால், இத்தனை நாள் உள்ளே போனவர்களுக்கும் தனக்கும் என்ன வித்தியாசம் என்று தோன்றி நிறுத்திக்கொண்டாள். ராஜராஜனின் மின்னஞ்சலுக்கு எழுதினாள். பதில் இல்லை. பக்கத்து வீட்டில் எண் வாங்கி வாட்ஸாப்பில் எழுதினாள். மூன்று வாரம் கழித்து அவரே பேசினார்.

"நான் அதைத் திறந்து பார்த்தே ரெண்டு வருஷம் இருக்கும்ங்க. யாரோ பாத்துக்கிட்டு இருந்தாங்கன்னா சொல்றீங்க?"

"இருக்கலாம் சார்."

அவர் ஒரு மாதிரியாகச் சிரித்தார். "அப்ப வீட்டை என்னைவிட அவங்கதான் நல்லாப் பாத்துக்கிட்டு இருந்திருக்காங்க. சரி, உள்ள போங்க. என்ன தெரியுதுன்னு எனக்கும் சொல்லுங்க."

பழைய பாஸ்வேர்டைப் போட்டு உள்ளே போனாள். ஒரு கூடம். சுவரோடு அடுக்கிய நாற்காலிகள், மூடிய ஜன்னல். கேமராவிலிருந்து வந்துகொண்டிருந்த தகவலின் அளவைப் பார்த்தாள், மிகக் குறைவு. இந்த வகைக் கேமரா ஒவ்வொரு முறையும் முழுப் படத்தையும் அனுப்பாது. ஒருமுறை முழுதாக அனுப்பிவிட்டு, பிறகு மாறியதை மட்டும் அனுப்பும். ஆள் நடந்தால் அந்த ஆளை, இலை அசைந்தால் அந்த இலையை. இந்தக் கூடத்தில் மாறுவதற்கு ஒன்றுமே இல்லை. எதுவும் நடக்கவில்லை என்ற செய்தியையே அது வருடக்கணக்காக உலகத்துக்கு அனுப்பிக்கொண்டிருந்தது.

ஆனால் படத்தின் இடது ஓரத்தில் மட்டும் ஏதோ சில நொடிக்கு ஒருமுறை மாறிக்கொண்டிருந்தது. பெரிதாக்கிப் பார்த்தாள். மேலேயிருந்து தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது. தரையில் ஒரு பாய் அளவுக்கு ஈரம். அந்தப் படத்தை ராஜராஜனுக்கு அனுப்பினாள். அவர் அன்றே தன் சித்தப்பா மகனை அனுப்பி மேல்தளத்து ஒழுக்கை அடைக்கச் சொன்னார். புதுப் பாஸ்வேர்டை அவரையே போடச் செய்தாள். அவர் போட்டதும் அவள் திரையில் கூடம் மறைந்து, மறுபடி நுழைவுப் பக்கம் வந்தது.

தை பிறந்து அறுவடை இயந்திரங்கள் சாலையை அடைத்துக்கொண்டு போகிற நாளில் ஜன்னத் பீவியிடமிருந்தே அழைப்பு வந்தது. மகன் எண்ணிலிருந்து அல்ல. "நாளைக்குக் காலையில வா புள்ள. ஒரு கேமரா எடுத்துக்கிட்டு வா."

எழில்மொழிக்கு முதலில் நம்பிக்கை வரவில்லை. மறுநாள் போனபோது முற்றத்துக்கு நடந்தாள். ஜன்னத் பீவி தடுத்தார்.

"அங்க இல்ல. வாசல்ல. தெரு தெரியணும், படி தெரியணும். வீடு தெரியக் கூடாது."

"அண்ணன் கேட்டாரா?"

"அவன் எதுக்குக் கேக்கணும்? எனக்கு வேணும். முட்டி வலி. கதவைத் தட்டுனா எந்திரிச்சு வந்து பாத்தா புடவை விக்கிறவன், தண்ணிக்காரன். இனி உள்ள உக்காந்தே யாருன்னு பாத்துக்குவேன்."

"அண்ணன் போன்ல வைக்க வேணாமாம்மா?"

"வேணாம். என்னைப் பாக்கணும்னா அவன் கூப்பிடட்டும். நான் தலைவாரிட்டுப் பேசுறேன்."

மாட்டி முடிக்க ஒரு மணி நேரம் ஆனது. ஜன்னத் பீவியின் போனில் செயலியை ஏற்றி, தெருவைக் காட்டினாள். ஒரு ஆட்டோ போனது. அது போன பிறகு போனில் போனது. அந்த இரண்டு நொடியை ஜன்னத் பீவி மறுபடி மறுபடி பார்த்தார். வாசலுக்கும் போனுக்கும் தலையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"இப்ப பாஸ்வேர்டு போடணும்மா. நீங்கதான் போடணும். எட்டு எழுத்தாவது இருக்கணும், நடுவுல ஒரு எண்ணும் வரணும். பேரு, பொறந்த வருஷம் எல்லாம் வேணாம்."

"நீ போடேன்."

"இனிமே நான் யாருக்கும் போடுறதில்ல. எனக்கும் தெரியக் கூடாது."

ஜன்னத் பீவி கண்ணாடியை மாட்டிக்கொண்டார். ஆள்காட்டி விரலை எழுத்துகளுக்கு மேலே தயாராக வைத்துக்கொண்டு நிமிர்ந்தார்.

"அப்ப அந்தப் பக்கம் திரும்பு."

எழில்மொழி தெருவைப் பார்த்துத் திரும்பி நின்றாள். பின்னால் ஒவ்வொரு எழுத்தாகத் தட்டும் சத்தம் கேட்டது. ஒரு இடத்தில் தப்பாகிவிட்டது போலும், ஜன்னத் பீவி தனக்குள் முனகிக்கொண்டு எல்லாவற்றையும் அழித்துவிட்டு மறுபடி முதலிலிருந்து ஆரம்பித்தார். அவசரம் எதுவும் இல்லை. எழில்மொழி அப்படியே நின்றுகொண்டிருந்தாள்.